காட்டை உடையவன்

வடக்கு ரஷ்யாவின் கிராமங்களில் சொல்லப்பட்டுவந்த காட்டுக் கதைகளில் ஒரு வகை எப்போதும் அமைதியாகத்தான் தொடங்கும். காளான் பறிக்கப் போகிறாள் ஒரு பெண். எதிரே தெரிந்த முகம் ஒன்று வருகிறது. பக்கத்து வீட்டுக்காரராக இருக்கலாம், சித்தப்பாவாகவும் இருக்கலாம். நல்ல இடம் காட்டுகிறேன் வா என்று அழைத்துவிட்டு, பேச்சுக் கொடுத்துக்கொண்டே முன்னால் நடக்கிறார். அவளும் பின்னால் போகிறாள். நெடுநேரம் நடந்து கால் ஓய்ந்துபோய், "கடவுளே" என்று அவள் வாய்விட்டுச் சொன்னதும் முன்னால் போனவர் கைகொட்டிச் சிரிக்கிறார். மறுநொடி ஆளைக் காணோம். அவள் நிற்பதோ சதுப்பு நிலத்தின் விளிம்பில், ஊருக்கு நேர் எதிர்த் திசையில்.

வந்தவன் லேஷி. கிழக்கு ஸ்லாவிய மக்களின் காட்டு ஆவி. காட்டுக்குள் நிற்கும்போது அந்தப் பெயரை யாரும் உச்சரிக்க மாட்டார்கள். "அவன்" என்பார்கள், "தாத்தா" என்பார்கள், "காட்டை உடையவன்" என்பார்கள். பெயர் சொன்னால் வந்துவிடுவான் என்று பயம்.

அவனை அடையாளம் காணக் குறிப்புகள் உண்டு. புருவமும் இமைமுடியும் இருக்காது. வலது காது இருக்காது. தலைமுடியை இடப்பக்கமாக வாரியிருப்பான். மேலங்கியின் மடிப்பு மற்ற ஆண்கள் அணிவதற்கு மாறான பக்கத்தில் விழும். மரப்பட்டையில் பின்னிய செருப்பில் இடதுகாலுக்கு உரியதை வலதுகாலில் மாட்டியிருப்பான். நிழல் விழாது. காட்டுக்குள் நடந்தால் மர உச்சி அளவு உயரம். வெட்டவெளிக்கு வந்தால் புல் அளவு. இந்தக் குறிப்புகள் எல்லாம் ஒரே மனிதர் சொன்னவை அல்ல. ஊருக்கு ஊர் ஒன்றிரண்டு கூடும், குறையும். ஆனால் அடிப்படை ஒன்றுதான்: அவன் மனிதனைப் போலவே இருப்பான், ஏதோ ஒன்று மட்டும் இடம் வலம் மாறியிருக்கும்.

இன்றைய கணினி விளையாட்டுகளில் அவனுக்கு வேறு உருவம். போலந்து நாவல்களிலிருந்து பிறந்த 'விட்சர்' வரிசையில் 2015இல் வந்த விளையாட்டு, அவனுக்கு மான் மண்டையோட்டைத் தலையாக வைத்தது. அந்த உருவம்தான் இப்போது உலகம் முழுக்கப் பரவியிருக்கிறது. பார்க்கப் பயங்கரம்தான். ஆனால் கிராமத்தாரின் பயம் இதைவிட நுட்பமானது. மண்டையோட்டுத் தலையோடு வருகிறவனைக் கண்டால் யாரும் ஓடிவிடுவார்கள். சித்தப்பா முகத்தோடு வருகிறவன் பின்னால் நம்பிக்கையோடு நடந்துபோவார்கள். காட்டில் ஒரு மனிதன் வழிதவறுவதும் அப்படித்தான். தப்பான வழியில் போகிறோம் என்று தெரிந்துகொண்டு யாரும் தப்பான வழியில் போவதில்லை.

கேள்வித்தாளில் அகப்பட்ட ஆவி

இந்த நம்பிக்கைகள் நமக்குக் கிடைத்திருப்பது 19ஆம் நூற்றாண்டுத் தொகுப்பாளர்களின் உழைப்பால். அலெக்சாண்டர் அஃபனாசியெவ் 1865 முதல் 1869 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்ட நூல், ஸ்லாவியர்கள் இயற்கையைப் பார்த்த விதத்தை ஆராய்ந்தது. அக்காலத்துப் புராண ஆய்வு முறைப்படி அவர் பெரும்பாலான ஆவிகளுக்குப் பின்னால் இடியையும் மேகத்தையும் தேடினார். லேஷிக்குப் பின்னாலும் புயல்மேகமே தெரிந்தது. பின்வந்த ஆய்வாளர்கள் அந்த விளக்கத்தைக் கைவிட்டாலும், அவர் திரட்டிய செய்திகளைக் கைவிடவில்லை.

அடுத்த பெரிய முயற்சி தொழிலதிபர் வியாச்சிஸ்லாவ் டெனிஷெவுடையது. 1890களின் இறுதியில் அவர் நிறுவிய இனவரைவியல் பணியகம், நூற்றுக்கணக்கான கேள்விகள் அடங்கிய பட்டியலை நடு ரஷ்யாவிலும் வடக்கு ரஷ்யாவிலும் இருந்த ஆசிரியர்கள், பாதிரியார்கள், கிராம எழுத்தர்கள் ஆகியோருக்கு அனுப்பியது. குடியானவர்களின் உணவு, திருமணம், வழக்கு, ஆவி எதையும் விட்டுவைக்காத கேள்விகள். வந்து குவிந்த பதில்களை வைத்து செர்கேய் மக்ஸீமவ் எழுதிய நூல், அவர் இறந்தபின் 1903இல் வெளியானது. லேஷியைப் பற்றி எழுதும் எவரும் இன்றுவரை அதைப் புரட்டாமல் இருக்க முடியாது.

இந்தப் பதிவுகளில் பெரும்பகுதி தேவதைக் கதைகள் அல்ல. ரஷ்ய நாட்டார் வழக்காற்றில் இவற்றுக்கு 'பிலிச்கா' என்று தனிப் பெயர். "ஒரே ஒரு ஊரில்" என்று தொடங்காமல், "எங்கள் மாமாவுக்கு நடந்தது" என்று தொடங்கும் சிறு விவரிப்பு. சொல்கிறவர் சாட்சியம் சொல்வதுபோலச் சொல்வார். இடம், பருவம், காட்டின் எந்த ஓடைக்குப் பக்கத்தில் என்பதெல்லாம் வரும். ரஷ்ய எழுத்தாளர் துர்கனேவ் 1851இல் எழுதிய 'பெஷின் புல்வெளி' சிறுகதையில், இரவில் குதிரைகளை மேய்த்தபடி நெருப்பைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் சிறுவர்கள் பேசிக்கொள்வது இந்த வகைக் கதைகளைத்தான். ஒரு குடியானவனை லேஷி ஒரே வெட்டவெளியைச் சுற்றிச் சுற்றி நடக்கவைத்த கதையும் அதில் வருகிறது.

காடு மாறினால் ஆவியும் மாறுகிறது என்பதை இந்தத் தொகுப்புகளில் காணலாம். டைகா காடு அடர்ந்த வடக்கில் லேஷிக்கு மனைவி மக்கள், குடும்பம், ஆட்சி எல்லாம் உண்டு. மரமில்லாத தெற்குப் புல்வெளிக்கு வர வர அவனைப் பற்றிய பேச்சு மெலிகிறது. வயலுக்கு உரிய வேறு ஆவி அங்கே தலையெடுக்கிறது. உக்ரைனில் போலிசூன் என்பவன் ஓநாய்களை மந்தைபோல மேய்க்கிறான். கார்பேத்திய மலையில் வாழும் ஹுத்சூல் மக்களுக்கு சுகைஸ்தர் என்ற மலைக்காட்டு மனிதன் உண்டு. அவன் வழிப்போக்கர்களைத் தன்னோடு நடனமாட அழைப்பான். முதுகுப்புறமே இல்லாத 'நியாவ்கா' என்னும் வனமோகினிகளை வேட்டையாடுவான். செக் நாட்டுக் காட்டில் ஹேய்கல். அவன் கூவுவான், பதிலுக்குக் கூவினால் முதுகில் ஏறிக்கொள்வான்.

வட்டம்

லேஷி செய்யும் காரியங்களில் முதன்மையானது ஆளைச் சுற்றவைப்பது. அடிப்பதோ கொல்வதோ அரிது. நேராகப் போகிறோம் என்று நம்பிக்கொண்டிருப்பவனை அவன் வட்டமடிக்க வைக்கிறான். புறப்பட்ட மரத்தடிக்கே திரும்பக் கொண்டுவந்து நிறுத்துகிறான்.

மனிதர்கள் காட்டில் உண்மையிலேயே வட்டமடிக்கிறார்களா என்று ஒரு குழு சோதித்துப் பார்த்து, முடிவை 2009இல் வெளியிட்டது. ஜெர்மனியின் ட்யூபிங்கன் நகரிலுள்ள மாக்ஸ் பிளாங்க் ஆய்வு நிறுவனத்தில் யான் சௌமன் தலைமையிலான குழு அது. வழியில்லாமல் திகைப்பவரைக் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டதுபோல என்கிறோம். அந்தக் குழு இரண்டையும் தனித்தனியாகச் செய்தது. சிலரைக் காட்டில் விட்டது; சிலரைக் கண்ணைக் கட்டி வெட்டவெளியில் விட்டது.

காட்டில் விடப்பட்டவர்கள் ஆறு பேர். தென்மேற்கு ஜெர்மனியின் பீன்வால்ட் காடு, சமதரையில் அமைந்த பெரிய காடு. நேராக நடந்துகொண்டே இருங்கள் என்பது மட்டுமே அவர்களுக்குச் சொல்லப்பட்டது. மணிக்கணக்கில் நடந்த அவர்களின் தடத்தை ஜிபிஎஸ் கருவி பதிவுசெய்தது. மேகமூட்டமான நாளில் நடந்த நால்வரும் வட்டமடித்தார்கள். அவர்களில் மூவர், தாங்கள் ஏற்கெனவே நடந்த தடத்தையே திரும்பத் திரும்பக் குறுக்கே கடந்தார்கள். கடந்தது அவர்களுக்குத் தெரியவே இல்லை. வெயில் அடித்த நாளில் நடந்த இருவர் ஏறக்குறைய நேர்கோட்டில் போனார்கள். சகாரா பாலையிலும் சிலரை நடக்கவிட்டார்கள். நிலவொளியில் நடந்த ஒருவர், நிலா மேகத்துக்குள் மறைந்ததும் திரும்பித் திரும்பி, கடைசியில் வந்த திசையிலேயே நடக்கத் தொடங்கினார்.

கண் கட்டப்பட்டவர்களின் தடம் இன்னும் வியப்பானது. சிலர் 20 மீட்டர் விட்டத்துக்கும் குறைவான வட்டத்தில் சுற்றினார்கள். அவர்களைக் கேட்டால் நேராகத்தான் நடந்தோம் என்பார்கள். ஒரு கால் மற்றதைவிட நீளமாக இருப்பதால்தான் மனிதன் ஒரு பக்கமாக வளைகிறான் என்பது பழைய விளக்கம். அது உண்மையென்றால் ஒருவர் எப்போதும் ஒரே பக்கம் வளைய வேண்டும். பெரும்பாலோர் அப்படி வளையவில்லை. சற்றுநேரம் இடமாகவும் சற்றுநேரம் வலமாகவும் வளைந்தார்கள். ஆகவே கோளாறு காலில் இல்லை. எது நேர் என்று மூளை வைத்திருக்கும் கணக்கில் ஒவ்வோர் அடிக்கும் மிகச்சிறு பிழை சேர்கிறது. சூரியனோ மலையோ கண்ணில் பட்டால் கணக்கு திருத்தப்படுகிறது. எதுவும் படாதபோது பிழைமேல் பிழை ஏறி, "நேர்" என்ற உணர்வே மெல்லத் திரும்பிவிடுகிறது.

வடக்கு ரஷ்யாவின் காளான் பருவத்தை இதோடு சேர்த்துப் பாருங்கள். ஆகஸ்டு, செப்டம்பர் மாதங்கள். வானம் பெரும்பாலும் மூடியிருக்கும். நிலம் சமதரை. எந்தப் பக்கம் திரும்பினாலும் ஒரே மாதிரியான ஸ்புரூஸ் மரங்கள். கண்ணோ தரையில் காளானைத் தேடுகிறது. மூளையின் கணக்கைத் திருத்த எதுவுமே இல்லாத சூழல் இது. புறப்பட்ட மரத்தடிக்கே வந்து நிற்கிறவனுக்கு, தன் மூளைக்குள்ளேயே ஒரு பிழை வளர்ந்தது என்று தோன்ற வழியில்லை. யாரோ தன்னைக் கூட்டிவந்தார்கள் என்றுதான் தோன்றும். நேர்மையான சாட்சி அவன். அனுபவத்தை உள்ளபடியே சொல்கிறான்.

மாற்று மருந்தும் ஊரில் இருந்தது. லேஷி பிடித்துக்கொண்டான் என்று தெரிந்ததும் உட்கார வேண்டும். உடுப்பைக் கழற்றி உள்பக்கம் வெளியே வருமாறு திருப்பிப் போட வேண்டும். செருப்பைக் கால்மாற்றி மாட்ட வேண்டும். தொப்பியை முன்பின்னாகத் திருப்ப வேண்டும். அவன் உலகம் தலைகீழ் என்பதால், தலைகீழாக மாறியவனிடம் அவன் வித்தை பலிக்காது என்பது ஊரார் சொன்ன காரணம். எனக்குத் தோன்றும் காரணம் வேறு. குளிரில் ஒருவன் உட்கார்ந்து, முடிச்சவிழ்த்து, உடையைத் திருப்பி, மறுபடி கட்டிக்கொள்ள நேரம் பிடிக்கும். அந்த நேரத்துக்கு அவன் நடக்க மாட்டான். பதற்றத்தில் நடையை வேகமாக்குவது வழிதவறியவர்களை மேலும் ஆபத்தில் தள்ளும்; நில், உட்கார், யோசி என்பதே இன்றைய மீட்புப் பயிற்சிகளின் முதல் பாடம்.

யார் கூப்பிட்டது?

லேஷி கைதட்டுவான், சீட்டியடிப்பான், குழந்தைபோல அழுவான், பெயர் சொல்லி அழைப்பான். காட்டில் யாராவது கூப்பிட்டால் முதல் அழைப்புக்கே பதில் சொல்லக்கூடாது என்பதும், காட்டில் வீணாகக் கத்தக்கூடாது, சீட்டியடிக்கக்கூடாது என்பதும் பரவலான விதிகள்.

அந்த ஒலிகளில் பலவற்றுக்கு உரிமையாளர்கள் உண்டு. ஐரோப்பாவின் பெரிய கொம்பன் ஆந்தை ஆழ்ந்த குரலில் ஊளையிடும். சில சமயம் சிரிப்புபோலவும் குரல் எழுப்பும். பிடிபட்ட முயலின் அலறல் குழந்தை வீறிடுவதை ஒத்தது. இணைதேடும் காலத்தில் நரி போடும் கூச்சலை முதன்முறை கேட்பவர் அது ஒரு விலங்கு என்றே நம்பமாட்டார். காற்றில் உரசும் இரண்டு மரங்கள் முனகும்.

இவை எங்கிருந்து வருகின்றன என்பதில்தான் காடு கூடுதலாக விளையாடுகிறது. வலது காதுக்கும் இடது காதுக்கும் ஓர் ஒலி வந்து சேரும் நேர வித்தியாசம், அளவு வித்தியாசம் இரண்டையும் வைத்தே மூளை திசையைக் கணிக்கிறது. ஆயிரக்கணக்கான மரத்தண்டுகளுக்கு நடுவே ஓர் ஒலி நேராக மட்டும் வருவதில்லை. பட்டுத் தெறித்துச் சிதறி, பல வழிகளில் வந்து சேர்கிறது. அதனால் தொலைவும் திசையும் குழம்புகின்றன. உங்கள் குரலே கொஞ்சம் உருமாறி வேறொரு பக்கத்திலிருந்து திரும்பி வரும். மாலையில் தரையையொட்டிய காற்று குளிர்ந்து மேலே வெதுவெதுப்பாக இருக்கும்போது, ஒலி கீழ்நோக்கி வளைந்து வழக்கத்தைவிட நெடுந்தூரம் போகும். பகலில் கேட்காத அடுத்த ஊர்க் கோடரிச் சத்தம் அந்திக்குப்பின் பக்கத்தில் கேட்கும்.

இப்போது முதல் அழைப்புக்குப் பதில் சொல்லாதே என்ற விதியைப் பாருங்கள். குரல் வந்த திசை என்று நினைத்த பக்கம் ஓடுவதுதான் வழிதவறியவர் செய்யும் அடுத்த தவறு. 2010இல் தொடங்கப்பட்ட 'லிசா அலர்ட்' என்னும் ரஷ்யத் தன்னார்வத் தேடல் அமைப்புக்குக் காளான் பருவம்தான் வேலை மிகுந்த காலம். தேடுகிறவர்கள் ஒரு முறை குரல் கொடுத்துவிட்டு, அசையாமல் நின்று காதுகொடுப்பார்கள். எல்லாரும் ஒரே சமயத்தில் கத்தினால் யாருக்கும் எதுவும் கேட்காது. காட்டுக்குப் போகிறவர்களுக்கு அவர்கள் சொல்வதும் எளியது: பளிச்சென்ற நிறத்தில் உடுத்துங்கள், கைபேசியை முழுதாகச் சார்ஜ் செய்துகொள்ளுங்கள், வழி தப்பிவிட்டதென்று தெரிந்து உதவிக்கு அழைத்துவிட்டால் அந்த இடத்தைவிட்டு நகராதீர்கள்.

ஊர்க்காரர்கள் ஒலியியலையும் நரம்பியலையும் ரகசியமாக அறிந்து வைத்திருந்தார்கள் என்று இதற்குப் பொருள் இல்லை. முன்னோருக்கு எல்லாம் தெரியும் என்று மார்தட்டுவது எந்த நாட்டிலும் எளிது. இங்கே நடந்தது அதைவிடச் சுவையானது. காட்டில் மனிதனுக்கு என்ன நேர்கிறது என்பதை அவர்கள் கூர்ந்து கவனித்தார்கள். கவனித்ததை எல்லாம் ஓர் ஆள்மேல் ஏற்றினார்கள். ஏன் நேர்கிறது என்ற விளக்கம் தவறு. என்ன நேர்கிறது என்ற பதிவு துல்லியம்.

சூதாட்டக் கடன்

பதிவின் துல்லியத்துக்கு அணில்கள் இன்னொரு சான்று. சில ஆண்டுகளில் வடக்குக் காடுகளில் அணில்கள் பெருங்கூட்டமாக இடம்பெயரும். ஆறுகளை நீந்திக் கடக்கும், ஊருக்குள் புகும். அடுத்த ஆண்டு வேட்டைக்காரனுக்கு ஒன்றுகூட அகப்படாது. ரோமத்தோலை விற்றுப் பிழைத்த ஊர்களுக்கு இது வாழ்வா சாவா என்ற கேள்வி. ஊராரின் விளக்கம்: எங்கள் லேஷி பக்கத்துக் காட்டு லேஷியோடு சூதாடித் தோற்றுவிட்டான். பணயம் வைத்தது அணில்களையும் முயல்களையும். தோற்றவன் கடனைத் தீர்க்கத் தன் விலங்குகளை ஓட்டிக்கொண்டு போகிறான். சைபீரியக் காட்டுக்கும் ரஷ்யக் காட்டுக்கும் இடையேகூட இப்படி ஆட்டம் நடந்ததாகச் சொன்னார்கள்.

உயிரியல் சொல்வது: ஸ்புரூஸ், பைன் மரங்கள் ஆண்டுதோறும் ஒரே அளவில் காய்ப்பதில்லை. ஒரு பரந்த வட்டாரத்தின் மரங்கள் எல்லாம் ஒரே ஆண்டில் கூம்புகளைக் கொட்டித் தீர்க்கும். பிறகு ஓரிரு ஆண்டுகள் ஏறக்குறைய காய்க்காமலே இருக்கும். மரத்துக்கு இதில் ஆதாயம் உண்டு. தின்னிகள் தின்று தீர்க்க முடியாத அளவுக்கு ஒரே தடவையில் விதை விழுந்தால் சில விதைகளாவது முளைக்கும். நல்ல விளைச்சலில் அணில்கள் பெருகும். அடுத்த ஆண்டு காட்டில் ஒன்றுமிருக்காது. பெருகிய கூட்டம் பசியோடு கிளம்பும்.

காட்டின் செல்வம் ஏறுவதும் இறங்குவதும் மனித உழைப்புக்குக் கட்டுப்படாதது, முன்கூட்டிச் சொல்ல முடியாதது, ஒரு வட்டாரம் முழுவதையும் ஒரே வீச்சில் பாதிப்பது. இந்த மூன்று குணங்களும் சூதாட்டக் கதையில் இருக்கின்றன.

ஒப்பந்தம்

ஆவியை அஞ்சி ஒதுங்குவது ஒரு வழி. வடக்கின் மேய்ப்பர்கள் அவனோடு ஒப்பந்தம் போட்டார்கள்.

அர்ஹாங்கெல்ஸ்க், வோலக்தா, ஒலோனெத்ஸ் வட்டாரங்களில் மாடு மேய்ந்தது காட்டுக்குள். திறந்த நிலம் குறைவு. அதை வயலுக்கும் வைக்கோலுக்கும் வேலியிட்டுக் காத்தார்கள். வசந்தத்தில் புனித ஜார்ஜ் திருநாளையொட்டி (பழைய நாட்காட்டியில் ஏப்ரல் 23, இன்றைய கணக்கில் மே 6) மந்தையை வெளியே ஓட்டினால், இலையுதிர்காலம் வரை அது கரடியும் ஓநாயும் திரியும் காட்டில்தான். ஊர் மாடுகள் அத்தனைக்கும் பொறுப்பு, கூலிக்கு அமர்த்திய ஒரே மேய்ப்பன்.

அவன் பாதுகாப்புக்குச் செய்யும் சடங்குக்கு 'ஓத்புஸ்க்' என்று பெயர். மந்திர உரை ஒன்று இருக்கும். திருவுருவப் படம், மெழுகுவத்தி, கோடரி ஆகியவற்றோடு மந்தையைச் சுற்றிவருவான். ஒரு பூட்டைப் பூட்டி மறைத்து வைப்பான். பூட்டு பூட்டியிருக்கும்வரை விலங்குகளின் வாயும் பூட்டியிருக்கும். பருவம் முடிந்ததும் திறப்பான். இதில் இருவகை உண்டு. ஒன்று கடவுளையும் புனிதர்களையும் வேண்டுவது. மற்றது லேஷியோடு நேரடியாகப் பேசி முடிப்பது. இரண்டாவதற்கு விலை உண்டு. முட்டை, பால் தொடங்கி, ஒன்றோ இரண்டோ மாடுவரை. இன்ன மாடு இந்தப் பருவத்தில் உனக்கு என்று முன்கூட்டியே பேசிவிட்டால், மீதி மந்தையை லேஷியே மேய்ப்பான் என்பது நம்பிக்கை.

மேய்ப்பனுக்கும் கட்டுப்பாடுகள் இருந்தன. பருவம் முடியும்வரை முடி வெட்டக்கூடாது. பெர்ரிப் பழம் பறிக்கக்கூடாது. மரக்கிளையை ஒடிக்கக்கூடாது. காட்டு விலங்கைக் கொல்லக்கூடாது. யாருக்கும் கைகொடுக்கக்கூடாது. எல்லாவற்றுக்கும் நடைமுறைக் காரணம் தேடினால் ஏமாறுவோம். ஆனால் பழம் பறிக்கப் போகாத மேய்ப்பனின் கண் மந்தைமேல் இருக்கும் என்பது தெளிவு. அதைவிட முக்கியமானது அந்த "இன்ன மாடு உனக்கு" என்ற பேச்சு. கரடிக்காட்டில் ஒரு பருவத்துக்கு ஓரிரு மாடு போகத்தான் செய்யும். எத்தனை போகும் என்று தெரியாத இழப்பு சண்டையில் முடியும்: மேய்ப்பன் தூங்கிவிட்டான், விற்றுவிட்டான் என்று. முன்கூட்டியே பேசிக் கழித்த இழப்பு வெறும் செலவு. காப்பீட்டுக்காரர்கள் கணக்குப்போட்டுச் செய்வதை அவர்கள் ஆவியைச் சாட்சிவைத்துச் செய்தார்கள்.

ஒப்பந்தம் மீறப்பட்டால் முறையீடும் உண்டு. மாடு காணாமற்போனால் பிர்ச் மரப்பட்டையில் கரியால் லேஷிக்குக் கடிதம் எழுதி மரத்தில் அறைவார்கள். 'கபலா' என்று அதற்குப் பெயர். வலமிருந்து இடமாக எழுதுவது வழக்கம்; அவனுக்கு அப்படித்தானே படிக்க வரும். கடிதத்தின் தொனி பணிவு அல்ல, நோட்டீஸ். எடுத்ததைத் திருப்பிக் கொடு, இல்லையென்றால் உன் மேலதிகாரியான காட்டரசனிடம் போவோம் என்ற மிரட்டலும் அதில் இருக்கும்.

இருட்டுப் பக்கம்

இத்தனை அழகிலும் கொடுமை இல்லாமலில்லை. "லேஷி உன்னைக் கொண்டுபோகட்டும்" என்பது கோபத்தில் வாயில் வரும் வசவு; இன்றைய ரஷ்யப் பேச்சிலும் "லேஷியிடம் போ" என்பது தொலைந்துபோ என்பதற்குச் சமம். ஆனால் அன்று, கெட்ட நாழிகையில் தாய் அப்படித் திட்டினால் அது பலித்துவிடும் என்று நம்பினார்கள். காட்டில் குழந்தை காணாமற்போனால் முதல் குற்றவாளி தாய். அவள் என்ன சொன்னாள், எப்போது சொன்னாள் என்று ஊர் தோண்டும். குறைபாட்டோடு பிறந்த குழந்தையை, லேஷி மாற்றி வைத்துவிட்டுப் போன தன் பிள்ளை என்று சொன்ன ஊர்களும் உண்டு. இழப்புக்கு ஓர் ஆளைப் பொறுப்பாக்கும் பழக்கம் ஆவியோடு நிற்பதில்லை. பக்கத்தில் நிற்கும் பலவீனமானவர்மேலும் பாய்கிறது.

திருச்சபையும் தன் பங்குக்கு அவனை இழுத்துப் போட்டது. சொர்க்கத்திலிருந்து தள்ளப்பட்டவர்களில் நீரில் விழுந்தவன் நீர் ஆவி, வீட்டில் விழுந்தவன் வீட்டு ஆவி, காட்டில் விழுந்தவன் லேஷி என்றொரு கதை பரவியது. அப்படியும் முழுப் பிசாசாக அவன் மாறவில்லை. வேட்டைக்காரர்கள் அவனுக்கென்று மரக்கட்டையின்மேல் உப்பிட்ட ரொட்டியை வைத்துக்கொண்டேயிருந்தார்கள். அக்டோபரில் வரும் புனித எரோஃபேய் நாளில் அவன் மரங்களை முறித்து, விலங்குகளை வளைக்குள் விரட்டிவிட்டு, வசந்தம்வரை பூமிக்குள் போய்விடுவான் என்றும் நம்பினார்கள். பனி இறங்குமுன் வரும் புயல் காலம் அது.

பட்டப்பெயராக எஞ்சியவன்

1889 டிசம்பரில் மாஸ்கோவில் ஆன்டன் செகாவின் நாடகம் ஒன்று அரங்கேறித் தோற்றது. பெயர் 'லேஷி'. அதில் ஆவி எதுவும் வராது. மருத்துவம் படித்த நிலக்கிழார் ஒருவர் மரம் நடுகிறார். காட்டை வெட்டாதீர்கள் என்று கண்டவரிடமெல்லாம் மன்றாடுகிறார். அதனால் அவருக்கு லேஷி என்று பட்டப்பெயர். அடுப்புக்குப் பீட் எனும் சதுப்பு மண்கரி இருக்கிறது, கொட்டகை கட்டக் கல் இருக்கிறது, பின் ஏன் மரத்தை வெட்டுகிறீர்கள் என்பது அவர் கேள்வி. பின்னாளில் இந்த நாடகத்தைச் செகாவ் அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்துத் திருப்பி எழுதினார். 1897இல் அச்சான அதுதான் 'வான்யா மாமா'. பட்டப்பெயர் போய்விட்டது, மரம் நடும் மருத்துவர் இருக்கிறார். தன் மாவட்டம் 50 ஆண்டுகளுக்கு முன், 25 ஆண்டுகளுக்கு முன், இன்று என்று மூன்று வரைபடங்களை அவர் விரித்துக் காட்டும் காட்சியில் பச்சை நிறம் படிப்படியாகக் கரைகிறது.

செகாவின் கற்பனை மட்டுமல்ல அது. ஐரோப்பிய ரஷ்யாவின் காட்டுப் பரப்பு 17ஆம் நூற்றாண்டின் இறுதியில் நிலத்தில் பாதிக்கு மேல் இருந்தது. முதல் உலகப் போருக்குள் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்காகிவிட்டது. ரயில்வேக்கும் ஆலைகளுக்கும் விறகாகவும், புதிய வயல்களுக்கு இடமாகவும் காடு போனது. காடுகளைக் காக்கும் சட்டம் ஒன்றை அரசு 1888இல் கொண்டுவந்தது. நாடகம் அரங்கேறியது மறுஆண்டு.

லேஷியிடம் மக்கள் இரண்டு கேள்விகளைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். காட்டில் நான் ஏன் வழிதவறுகிறேன் என்பது ஒன்று. காட்டிலிருந்து எதை எடுக்கலாம், அதற்கு என்ன கொடுக்க வேண்டும் என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கு ட்யூபிங்கன் குழுவும் ஒலியியலும் அவனைவிடத் தெளிவாகப் பதில் சொல்கின்றன. அந்த வேலையிலிருந்து அவன் ஓய்வுபெற்றதில் யாருக்கும் நட்டமில்லை. தாய்மார்களுக்கு லாபம்.

இரண்டாவது கேள்வி வேறு வகையைச் சேர்ந்தது. அதற்கு ஆய்வுக்கூடத்தில் விடை கிடைக்காது. எத்தனை மரம் இருக்கிறது என்று செயற்கைக்கோள் எண்ணிச் சொல்லும். எத்தனை வெட்டலாம் என்பதைப் பேசித்தான் முடிவுசெய்ய வேண்டும். பேச வேண்டுமென்றால் எதிரே காட்டின் சார்பில் ஒருவர் உட்கார வேண்டும். வடக்கின் மேய்ப்பனுக்கு அப்படி ஒருவன் இருந்தான்: விலை கேட்பவன், ஒப்பந்தத்தை மீறினால் தண்டிப்பவன், தவறு செய்தால் கடிதம் எழுதி நாம் மிரட்டக்கூடியவன். அவன் போன பிறகு அந்த நாற்காலியில் சட்டத்தையும், வனத்துறையையும், செகாவின் மருத்துவர் போன்ற பிடிவாதக்காரர்களையும் உட்காரவைத்துப் பார்க்கிறோம். உலகக் காட்டுப் பரப்பில் ஐந்தில் ஒரு பங்கு இன்றும் ரஷ்யாவில்தான் இருக்கிறது. அதன் சார்பில் பேசுகிறவர்களுக்கு மந்திர உரை தேவையில்லை. ஆனால் லேஷிக்கு இருந்த ஒன்று அவர்களுக்கும் வேண்டும்: அவர்கள் சம்மதமில்லாமல் ஒரு கிளையை ஒடிக்க எடுக்கிறவன் இரண்டு முறை யோசிக்க வேண்டும்.